காலக்கப்பல்கள் – 17: வைரத்தின் பின்னால் 1526-க்கு

ஹைதராபாத்தில் சாலார் ஜங் அருங்காட்சியகத்துக்குப் போகிறவர்கள் பகல் 12 மணிக்குக் கொஞ்சம் முன்னதாகவே அந்தக் கடிகாரத்தின் முன்னால் போய் உட்கார்ந்துவிட வேண்டும். தாமதித்தால் இடம் கிடைக்காது. நான் போன நாளில் பள்ளிப் பிள்ளைகள் தரையில் சம்மணம் போட்டிருந்தார்கள். பின்வரிசையில் ஒரு பாட்டி, பேரனைத் தோளில் ஏற்றிவைத்தபடி நின்றார். கடிகாரத்துக்குள்ளே குட்டிக் கொல்லன் ஒருவன் கையில் சுத்தியலோடு நொடிக்கொரு தரம் தட்டிக்கொண்டே இருக்கிறான். மணியாகும்போது கதவு திறக்கிறது. தாடி வைத்த ஒரு சின்ன மனிதன் வெளியே வருகிறான். பன்னிரண்டு தரம் மணியை அடிக்கிறான். உள்ளே போய்விடுகிறான். அவ்வளவுதான். ஆனால் அந்தப் பன்னிரண்டு அடிக்கும் கூட்டம் மூச்சை அடக்கி எண்ணுகிறது.

கல்கத்தாவின் குக் அண்ட் கெல்வி நிறுவனத்தார் அமைத்துக் கொடுத்த கடிகாரம் அது. மூன்றாம் சாலார் ஜங் மீர் யூசுப் அலி கான் சேர்த்துவைத்த ஆயிரக்கணக்கான பொருட்களில் ஒன்று. 1949-ல் அவர் வாரிசின்றி இறந்தார். 1951 டிசம்பர் 16-ல் நேரு அந்தச் சேகரிப்பை அருங்காட்சியகமாகத் திறந்துவைத்தார். 1968-ல் மூசி ஆற்றங்கரையில் இப்போதிருக்கும் கட்டடத்துக்கு அது இடம் மாறியது. அன்று முதல் ஹைதராபாத்துக்கு வருகிற குடும்பங்கள் எல்லாம் ஒருமுறையாவது இங்கே வந்து நேரம் நடப்பதைப் பார்த்துவிட்டுப் போகின்றன.

இந்தத் தொடரின் இந்திய அத்தியாயத்தை இங்கிருந்து தொடங்க ஒரு காரணம் உண்டு. நம் நாட்டுத் திரையில் மக்கள் மனத்தில் நின்ற முதல் காலக்கப்பலின் கதை இதே அருங்காட்சியகத்தில்தான் தொடங்குகிறது. கிருஷ்ணதேவராயர் காலத்து வைரம் ஒன்று சாலார் ஜங்கில் காட்சிக்கு இருக்கிறது. பழம்பொருட்களைத் திருடிச் சேர்க்கும் ராஜா வர்மாவுக்கு அதன்மேல் கண். சுற்றுலா வந்த பள்ளிப் பிள்ளைகளில் ஒரு சிறுவன் அந்த வைரத்தை விட்டுப் போக மனமில்லாமல் உள்ளேயே ஒளிந்துகொள்கிறான். இரவில் திருட்டைப் பார்த்துவிடுகிறான். அங்கிருந்து ஓடும் கதை, பேராசிரியர் ராமதாஸ் செய்துவைத்திருக்கும் கால எந்திரத்தில் ஏறி 1526-க்குப் போய் இறங்குகிறது.

படம் ‘ஆதித்யா 369’. 1991 ஜூலை 18-ல் தெலுங்கில் வெளியானது. தமிழில் ‘அபூர்வ சக்தி 369’ என்று டப்பிங் ஆகி வந்தது. இயக்கியவர் சிங்கீதம் ஸ்ரீனிவாச ராவ். ‘ராஜபார்வை’, ‘பேசும் படம்’, ‘அபூர்வ சகோதரர்கள்’, ‘மைக்கேல் மதன காம ராஜன்’ எடுத்த அதே சிங்கீதம்தான்.

வைரமும் அருங்காட்சியகமும் சினிமாக்காரர்களின் கற்பனை என்று ஒதுக்கிவிட முடியாது. உலகத்துக்கு வைரம் கொடுத்த நிலம் அது. கோல்கொண்டா என்ற பெயரே ஐரோப்பாவில் செல்வத்துக்கு மறுபெயராக இருந்தது. கடைசி நிஜாம் உஸ்மான் அலி கான், தன் தந்தையின் காலணி நுனியில் கிடைத்த ஜேக்கப் வைரத்தைக் காகிதம் பறக்காமல் இருக்க மேஜைமேல் வைத்திருந்தார் என்று சொல்வார்கள். 184.75 காரட் எடையுள்ள கல்! 1995-ல் இந்திய அரசு நிஜாமின் நகைகளை 218 கோடி ரூபாய்க்கு வாங்கியபோது அதுவும் சேர்ந்து வந்தது. பின்னாளில் அந்த நகைகள் காட்சிக்கு வைக்கப்பட்டதும் இதே சாலார் ஜங்கில்தான். படத்தில் பார்த்த காட்சி ஊரில் நிஜமாகவே நடந்தது.

*

சிங்கீதத்தின் எந்திரத்துக்கு முன்னோர்கள் உண்டு. அவர்களில் இரண்டு பேரை முந்தைய அத்தியாயங்களில் பார்த்துவிட்டோம். புதிதாகச் சேர்ந்த வாசகர்களுக்காகச் சுருக்கமாகத் திரும்பிப் பார்க்கலாம். கப்பலுக்கும் காலத்துக்கும் உள்ள உறவு புரியாவிட்டால் ஹைதராபாத் கதையும் பாதிதான் புரியும்.

காலத்தில் வழுக்கி விழுந்த முதல் கப்பல் நிஜக் கப்பல். பெயர் விக்டோரியா. 1519 செப்டம்பரில் மகெல்லன் தலைமையில் ஐந்து கப்பல்கள் ஸ்பெயினிலிருந்து மேற்கு நோக்கிப் புறப்பட்டன. மகெல்லன் பிலிப்பைன்ஸில் கொல்லப்பட்டார். மூன்று ஆண்டு கழித்து உலகைச் சுற்றிவிட்டு விக்டோரியா மட்டும் மிஞ்சி வந்தது. ஊர் திரும்புவதற்கு முன்னால் 1522 ஜூலையில், சோறில்லாமல் தவித்து, ஆப்பிரிக்கக் கரைக்கு அப்பாலுள்ள கேப் வெர்டே தீவில் ஒதுங்கினார்கள். கரைக்குப் போனவர்களிடம் இன்று என்ன கிழமை என்று கேட்டுவரச் சொன்னார்கள். வியாழன் என்று பதில் வந்தது. கப்பலில் புதன்!

பிகாஃபெட்டா என்ற இத்தாலியர் அந்தக் கப்பலில் ஒரு நாள் விடாமல் குறிப்பு எழுதி வந்தவர். நோயில் விழாததால் ஒரு நாளும் தவறவில்லை என்று அவருக்குத் தெரியும். ஏடுகளைத் திரும்பத் திரும்பப் புரட்டிப் பார்த்திருப்பார். எங்கேயும் பிழையில்லை. ஆனாலும் ஒரு நாள் காணோம். சூரியனைத் துரத்திக்கொண்டே மேற்கில் போனதால் ஒவ்வொரு நாளும் அவர்களுக்குக் கொஞ்சம் நீண்டு, உலகைச் சுற்றி முடிக்கையில் ஒரு முழு விடியல் குறைந்துவிட்டது என்பது பிறகுதான் விளங்கிற்று. எனக்கு இந்த வரலாற்றில் பிடித்த தருணங்களில் அது ஒன்று. பசியோடும் நோயோடும் மிஞ்சிய ஒரு கைப்பிடி மாலுமிகள், உயிர் பிழைத்த மகிழ்ச்சியை ஒரு கணம் மறந்து, காணாமல் போன ஒரு நாளைத் தேடி நிற்கிறார்கள்.

அந்த ஒரு நாளில் முளைத்த விதைதான் பின்னால் மரமானது என்பது என் எண்ணம். 1887-ல் பார்சிலோனாவில் வெளியான ஒரு ஸ்பானிய நாவலில் என்ரிக்கே காஸ்பர் காலத்தில் செல்லும் கப்பலை முழுதாகவே கட்டிவிட்டார். பெயர் அனக்ரோனோபேட். பெரிய இரும்புப் பெட்டி. ஓட்டுவது மின்சாரம். 1878-ல் பாரிஸில் நடந்த உலகக் கண்காட்சியிலிருந்து கிளம்பி, பூமி சுழலும் திசைக்கு எதிர்த் திசையில் அசுர வேகத்தில் பறக்கும். பூமி நாட்களைச் சுற்றுகிறது என்றால், எதிர்த் திசையில் சுற்றினால் நாட்கள் பிரிந்து கழன்றுவிடும் என்பது அவர் கணக்கு. பயணிகள் இளமையாகி, குழந்தையாகி, இல்லாமல் போய்விடாமல் இருக்க ஒரு திரவத்தையும் கண்டுபிடித்து வைத்தார். காஸ்பர் சீனாவில் தூதரக வேலை பார்த்தவர். மாதக்கணக்கில் கப்பலேறிப் போய் வந்த மனிதருக்குக் கிழக்கு மேற்கு என்பதும் கிழமை மாறுவதும் உடம்பில் ஏறிய அனுபவம். கிறிஸ்டோபர் ரீவ் நடித்த 1978-ன் ‘சூப்பர்மேன்’ படத்தில் நாயகன் பூமியைத் திருப்பிச் சுழற்றிக் காதலியை உயிர்ப்பிக்கும் காட்சி நினைவிருக்கும். காஸ்பரின் கணக்கும் ஏறக்குறைய அதுவே, சூப்பர்மேனுக்கு 91 ஆண்டு முன்பே.

அடுத்தவர் வெல்ஸ். உலகமறிந்த ‘டைம் மெஷின்’ 1895-ல் வந்தது. ஆனால் அதற்கு ஏழு ஆண்டு முன்னால், 1888-ல், இளவயதில் ஒரு கல்லூரி இதழில் அவர் எழுதிய சிறுகதையில் எந்திரத்தின் பெயர் ‘கிரானிக் ஆர்கோ’. ஆர்கோ என்பது கிரேக்கப் புராணத்தில் பொன் ரோமத்தைத் தேடிப் போன கப்பல். வெல்ஸ் மனத்தில் முதலில் உருவானதும் கப்பல்தான். பிற்பாடு அது சேணமும் நெம்புகோல்களும் வைத்து, சைக்கிள் மோகம் பிடித்த காலத்துக்கு ஏற்ப, ஒருவர் ஏறி உட்காரும் வண்டியாகச் சுருங்கியது. தந்தம், நிக்கல், பளிங்குக்கல் என்று பாகங்களை எல்லாம் வர்ணித்தார். எது அதை உந்துகிறது என்று மட்டும் சொல்லவில்லை.

ஒவ்வொரு தலைமுறையும் தன் காலத்தில் எது வியப்போ அதையே காலக்கப்பலுக்கு எரிபொருளாக ஊற்றியது. காஸ்பருக்கு மின்சாரம். 1985-ல் அமெரிக்கர்களின் ‘பேக் டு த ஃப்யூச்சர்’ படத்துக் காருக்குப் புளூட்டோனியம், வேகம் மணிக்கு 88 மைல். 1991-ல் ஹைதராபாத்துக்கு என்ன கிடைத்தது?

*

அந்த ஆண்டு ஹைதராபாத் எப்படி இருந்தது என்று யோசித்துப் பாருங்கள். 1982-ல் நம் ராமேஸ்வரத்து அப்துல் கலாம் அங்குள்ள ராணுவ ஆய்வு வளர்ச்சி ஆய்வகத்துக்கு இயக்குநராகப் போனார். 1983-ல் ஏவுகணைத் திட்டம் தொடங்கியது. 1988 பிப்ரவரியில் பிருத்வி, 1989 மே மாதத்தில் அக்னி. அந்த ஆய்வகம் இருக்கும் காஞ்சன்பாக் பக்கம் குடியிருந்தவர்களுக்குப் பக்கத்து வீட்டிலேயே ஒரு விஞ்ஞானி இருந்தார். அவர் என்ன வேலை செய்கிறார் என்று மனைவிக்கும் தெரியாது. அப்படிப்பட்ட ஊரில், ஒரு பேராசிரியர் தன் கூடத்தில் யாருக்கும் புரியாத எந்திரம் ஒன்றைக் கட்டிக்கொண்டிருக்கிறார் என்றால் தியேட்டரில் உட்கார்ந்தவன் ஏன் நம்பமாட்டான்? படத்துக்குக் கிடைத்த பெரிய உந்துவிசை அந்த நம்பிக்கைதான் என்று நினைக்கிறேன்.

சிங்கீதம் 1931-ல் நெல்லூர் மாவட்டத்தில் பிறந்தவர். கே.வி. ரெட்டியிடம் உதவி இயக்குநராக இருந்தவர். அந்தப் பட்டறையில் உருவானதுதான் 1957-ன் ‘மாயாபஜார்’. கடோத்கஜன் வாய்க்குள் லட்டு தானாகப் பறந்து போகும் காட்சியை உண்மை என்று குழந்தைகளை நம்பவைத்த பட்டறை. கணினி வரைகலை இல்லாத காலத்துத் தந்திரங்கள் எல்லாம் அங்கே கைப்பழக்கமாக இருந்தன. கல்லூரி நாளில் படித்த வெல்ஸும் குருவிடம் கற்ற மாயாபஜாரும் அவருக்குள் முப்பது ஆண்டுக்கும் மேல் ஊறிக் கிடந்து ‘ஆதித்யா’ ஆயின. அந்த யோசனையை நம்பிப் பணம் போடத் தயாரிப்பாளர் சிவலெங்க கிருஷ்ண பிரசாத் முன்வந்தார். பாலகிருஷ்ணா இரண்டு வேடம் போட்டார்: இந்தக் காலத்து இளைஞன், அந்தக் காலத்து ராயர்.

தமிழர்களாகிய நமக்கும் இந்தக் கப்பலில் பங்குண்டு. இசை இளையராஜா. கதாநாயகி ‘ஈரமான ரோஜாவே’ மோகினி. அரசவை நர்த்தகியாக சில்க் ஸ்மிதா. வைரத்தின்மேல் ஆசைப்பட்டு ஒளிந்துகொள்ளும் சிறுவன், அதற்கு முந்தைய ஆண்டு மணிரத்னத்தின் ‘அஞ்சலி’யில் நாம் பார்த்த மாஸ்டர் தருண். பேராசிரியராக வந்த டினு ஆனந்தை ‘நாயகன்’ கடைசிக் காட்சியில் நமக்குத் தெரியும்.

ஒளிப்பதிவில் ஒரு விஷயம் தற்செயலாக நேர்ந்து அழகாக அமைந்துவிட்டது. நிகழ்காலப் பகுதியை எடுத்தவர் பி.சி. ஸ்ரீராம். இடையில் அவருக்கு உடம்பு சரியில்லாமல் போகவே, விஜயநகரக் காட்சிகளை வி.எஸ்.ஆர். சுவாமி எடுத்தார். எதிர்காலத்தை கபீர் லால் எடுத்தார். மூன்று காலத்துக்கு மூன்று கண்கள்! கதை ஒரு காலத்திலிருந்து இன்னொன்றுக்குத் தாவும்போது வெளிச்சமே மாறிவிடுகிறது. திட்டம் போட்டுச் செய்திருந்தாலும் இதைவிடப் பொருத்தமாக அமைந்திருக்காது. எந்திரத்தையும் ராயர் காலத்தையும் கதையின் எதிர்காலமான 2504-ஐயும் கட்டிக் கொடுத்தவர் கலை இயக்குநர் பேகேட்டி ரங்கா. இந்தத் தொடரில் இதுவரை எத்தனையோ கற்பனை எஞ்சினீயர்களைப் பார்த்தோம். உண்மையில் எந்திரத்தைச் செய்தவர்கள், அதாவது செட் போட்ட தச்சர்களும் வர்ணம் அடித்தவர்களும் மின்விளக்குக்குக் கம்பி இழுத்தவர்களும், எந்தப் புத்தகத்திலும் இல்லை.

*

படம் பார்த்தவர்களிடம் அந்த எந்திரம் எந்த விசையில் ஓடியது என்று கேளுங்கள். யோசிப்பார்கள். எங்கே போனது என்று கேட்டால் உடனே பதில் வரும். ராயர் சபைக்கு!

சிங்கீதம் செய்த பெரிய காரியம் இதில்தான் இருக்கிறது என்பது என் துணிபு. காலக்கப்பல் என்பது மேற்கில் பிறந்த கற்பனை. அதை வாங்கிக்கொண்டவர் துறைமுகத்தை மட்டும் நம் ஊரில் வைத்துக்கொண்டார். ரோமாபுரிக்கோ டைனோசர் காட்டுக்கோ போகாமல் துங்கபத்திரைக் கரையில் போய் நங்கூரம் போட்டார்.

அந்த 1526 எப்படிப்பட்ட ஆண்டு என்று பாருங்கள். ஏப்ரலில் பானிபட்டில் பாபர் இப்ராகிம் லோடியை வீழ்த்தி வடக்கே புதிய ஆட்சியைத் தொடங்கிவிட்டார். தெற்கே கிருஷ்ணதேவராயர் ஆட்சியின் பிற்பகுதி. 1509-ல் தொடங்கிய அவர் ஆட்சி 1529-ல் முடிந்தது. காணாமல் போன நாளோடு விக்டோரியா ஊர் திரும்பி நான்கு ஆண்டுதான் ஆகியிருந்தது. ஹைதராபாத்? அப்படி ஒரு நகரமே அப்போது இல்லை. கோல்கொண்டா கோட்டை இருந்தது, குலி குத்புல் முல்க் ஆண்டார். ஹைதராபாத்தை முகமது குலி குத்ப் ஷா நிறுவியது 1591-ல். ஆக, இன்னும் 65 ஆண்டு கழித்துப் பிறக்கப்போகும் நகரத்திலிருந்து கிளம்பியவர்கள் ராயரின் முன் போய் நிற்கிறார்கள்.

ராயரை நேரில் பார்த்து எழுதியவர் ஒருவர் இருக்கிறார். போர்ச்சுக்கீசியரான டொமிங்கோ பயஸ், 1520 வாக்கில் விஜயநகரத்துக்கு வந்தவர். அவர் காட்டும் அரசர் சினிமா அரசர் போல இல்லை. நடுத்தர உயரம், கொஞ்சம் பூசினாற்போல் உடம்பு, முகத்தில் அம்மைத் தழும்பு. விடியும் முன்னே எழுந்து நல்லெண்ணெய் குடிப்பார். உடம்பெல்லாம் நல்லெண்ணெய் தடவிக்கொள்வார். கனமான எடைகளைத் தூக்கிப் பயிற்சி செய்து, வாள் சுழற்றி, குடித்த எண்ணெய் வியர்வையாக வெளியேறும்வரை உழைத்து, மல்லரோடு மல்லுக்கட்டி, பின் குதிரையேறி மைதானத்தைச் சுற்றிவருவார். விடிகிற வரைக்கும் இதுதான். கடைத்தெருவில் மாணிக்கமும் முத்தும் வைரமும் விற்கக் கண்டதாகவும் பயஸ் எழுதுகிறார். அவருக்குப் பின் வந்த நூனிஸ், வைரச் சுரங்கத்தில் குறிப்பிட்ட எடைக்கு மேற்பட்ட கல் கிடைத்தால் அது அரசருக்கே சேரவேண்டும் என்ற விதியைக் குறித்துவைத்தார். படத்தின் வைரத்துக்கு வேர் அங்கே இருக்கிறது. இந்த இருவர் குறிப்புகளையும் ஆங்கிலத்தில் தந்து, மறந்துபோன ஒரு பேரரசை 1900-ல் திரும்பவும் நம் கண்முன் நிறுத்தியவர் ராபர்ட் சூவல்.

அந்த அரசர் நமக்கு அந்நியர் இல்லை. அவர் தெலுங்கில் எழுதிய ‘ஆமுக்த மால்யதா’ நம் ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாளின் கதை. திருவண்ணாமலை ராஜகோபுரத்தைக் கட்டத் தொடங்கியவரும் அவரே. அதை முடித்தவர் தஞ்சையின் செவ்வப்ப நாயக்கர். அடுத்தமுறை கிரிவலம் போகும்போது கோபுரத்தை அண்ணாந்து பாருங்கள், சிங்கீதத்தின் எந்திரம் போய் இறங்கிய காலத்துக் கல் அது.

ராயர் சபையிலிருந்து திரும்பும் வழியில் எந்திரம் 2504-க்குப் போய்விடுகிறது. உலகப்போரின் கதிர்வீச்சால் மனிதர்கள் பூமிக்கு அடியில் வாழ்கிறார்கள். செர்னோபில் விபத்து நடந்து ஐந்தே ஆண்டு ஆகியிருந்தபோது எடுத்த படம் என்பதை நினைத்துக்கொண்டு பார்த்தால் அந்தப் பகுதி வேறு மாதிரித் தெரியும். ஆனாலும் என் கணக்கில் எதிர்காலக் காட்சிகள் கடந்தகாலக் காட்சிகளின் பக்கத்தில் நிற்கவில்லை. உலோக உடையும் விளக்கு வரிசையும் எந்த நாட்டுப் படத்திலும் கிடைக்கும். தெனாலிராமனோடு பேசும் 1991-ன் இளைஞன் இங்கேதான் கிடைப்பான்.

படம் வெளியாகி ஆறு நாள் கழித்து, ஜூலை 24-ல், மன்மோகன் சிங் தன் முதல் பட்ஜெட்டைப் படித்தார். அதே மாதத்தில்தான் அந்நியச் செலாவணி இல்லாமல் நாட்டின் தங்கத்தை வெளிநாட்டில் அடகு வைத்தோம். நாட்டின் செல்வம் கைவிட்டுப் போய்விடுமோ என்ற பதைப்பும் அடுத்த நூற்றாண்டு எப்படி இருக்கும் என்ற ஆவலும் தெருவில் இருந்த நேரம். திருடுபோன ராயர் வைரத்தைத் தேடும் கதை அந்த நேரத்தில் வந்தது.

*

இனி விஞ்ஞானம். இப்படி ஒரு கப்பல் ஓடுமா?

முன்னோக்கிப் போகும் கப்பல் இருக்கிறது, தினமும் ஓடுகிறது. 1971 அக்டோபரில் ஹாஃபலே, கீட்டிங் என்ற இரண்டு அமெரிக்கர்கள் நான்கு சீசியம் அணுக்கடிகாரங்களைச் சாதாரணப் பயணிகள் விமானத்தில் ஏற்றிக்கொண்டு உலகைச் சுற்றினார்கள். ஒருமுறை கிழக்கு நோக்கி, ஒருமுறை மேற்கு நோக்கி. இறங்கியதும் அமெரிக்கக் கடற்படை வானோக்ககத்தின் கடிகாரங்களோடு ஒப்பிட்டார்கள். கிழக்கே போனவை 59 நானோ நொடி பின்தங்கியிருந்தன. மேற்கே போனவை 273 நானோ நொடி முந்தியிருந்தன. ஒரு நானோ நொடி என்பது நொடியில் நூறு கோடியில் ஒரு பங்கு.

காஸ்பர் இதைக் கேட்டிருந்தால் துள்ளியிருப்பார். கிழக்கு மேற்குக்கும் காலத்துக்கும் உண்மையிலேயே உறவிருக்கிறது. ஆனால் அவர் நினைத்ததற்கு நேர் எதிராக. பூமி கிழக்கு நோக்கிச் சுழல்கிறது. கிழக்கே பறக்கிறவர் அந்தச் சுழற்சியோடு சேர்ந்து கூடுதல் வேகம் பெறுகிறார். வேகம் கூடினால் கடிகாரம் மெதுவாகும், ஐன்ஸ்டீன் 1905-லேயே சொன்னதுபோல. உயரே போனால் ஈர்ப்பு குறைந்து கடிகாரம் கொஞ்சம் விரைவாகும். இரண்டையும் கூட்டிக் கழித்தால், மேற்கே போகிறவருக்குத்தான் வயது கொஞ்சம் கூடுகிறது. அந்த விமானங்களின் வேகத்தில் போயிருந்தால், அனக்ரோனோபேட்டில் ஏறியவர்கள் இளமையாவதற்குப் பதில் ஒரு துளி மூப்படைந்திருப்பார்கள்.

ரஷ்ய வீரர் செர்கெய் கிரிகலேவ் பல பயணங்களில் மொத்தம் 803 நாள் விண்வெளியில் இருந்தார். கணக்குப் போட்டால் அவர் நம்மைவிட ஏறக்குறைய 0.02 நொடி எதிர்காலத்துக்குப் போயிருக்கிறார். கண் சிமிட்டும் நேரம்கூட இல்லை. ஆனாலும் அது உண்மை.

பின்னோக்கிப் போவதுதான் சிக்கல். வானவெளியில் இரண்டு இடங்களைக் குறுக்குவழியில் இணைக்கும் புழைகள் இருக்குமானால் அவற்றைக் கால எந்திரமாக்க முடியும் என்று கிப் தோர்ன் 1988-ல் தன் மாணவர்களோடு காட்டினார். கார்ல் சாகன் தன் நாவலுக்காகக் கேட்ட ஒரு கேள்வியிலிருந்து தொடங்கிய ஆராய்ச்சி அது. ஆனால் அந்தப் புழையின் வாய் மூடிக்கொள்ளாமல் இருக்க, ஈர்ப்பதற்குப் பதில் விலக்கும் தன்மையுள்ள ஒரு பொருள் வேண்டும். ஏன் வேண்டும் என்று சொல்லும் சமன்பாடு ஓர் இந்தியருடையது. அமல் குமார் ராய்சவுதுரி, கல்கத்தாவில் இருந்துகொண்டு 1955-ல் வெளியிட்டது. சாதாரணப் பொருள் இருக்கும் இடத்தில் அதன் வழியே செல்பவற்றின் பாதைகள் எல்லாம் ஒன்றை ஒன்று நெருங்கியே தீரும் என்கிறது அது. புழை திறந்திருக்க வேண்டுமானால் பாதைகள் விலக வேண்டும். அப்படி விலக்கும் பொருளைத் தேவையான அளவுக்கு எங்கே தேடுவது? 1992-ல் ஸ்டீபன் ஹாக்கிங், இயற்கையே பின்னோக்கிய பயணத்தை அனுமதிக்காது என்று வாதிட்டார். இன்றுவரை அவரை யாரும் தோற்கடிக்கவில்லை. வெல்ஸ் எழுதாமல் விட்ட இடத்தில் வாசல் இன்னும் பூட்டியே இருக்கிறது. பூட்டு எப்படிப்பட்டது என்று எழுதிவைத்தவர் கல்கத்தாக்காரர். நம் பிள்ளைகளின் பாடப்புத்தகத்தில் அவர் பெயர் இருக்க வேண்டும்.

ஹைதராபாத் நிஜ உந்துவிசையிலும் பின்தங்கவில்லை. அங்கே 2018-ல் தொடங்கப்பட்ட ஸ்கைரூட் நிறுவனத்தின் விக்ரம்-எஸ் ராக்கெட் 2022 நவம்பர் 18-ல் ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து கிளம்பி 89.5 கிலோமீட்டர் உயரம் தொட்டது. இந்தியாவில் தனியார் கட்டி விண்ணுக்கு ஏவிய முதல் ராக்கெட். அதன் எஞ்சினுக்கு அவர்கள் வைத்த பெயர் கலாம்-80. ஏவுகணை ஆய்வகத்துக்கு 1982-ல் வந்திறங்கிய ராமேஸ்வரத்துக்காரரின் பெயர், நாற்பது ஆண்டு கழித்து அதே ஹைதராபாத்தில் இளைஞர்கள் செய்த ராக்கெட்டின் வயிற்றில் எரிந்தது.

சிங்கீதத்துக்கும் ஓய்வில்லை. 2024-ல் வெளியான ‘கல்கி 2898 ஏடி’ படத்துக்கு வழிகாட்டியாக அவர் இருந்தார். அந்தப் படத்தின் ‘புஜ்ஜி’ வண்டி, ஆறு டன் எடையோடு உண்மையாகவே ஓடும்படி, கோயம்புத்தூரில் கட்டப்பட்டது. அந்தக் கதையை அடுத்த அத்தியாயத்தில் பார்க்கப்போகிறோம்.

அதற்கு முன் வாசகர்களிடம் ஒரு வேண்டுகோள். ‘ஆதித்யா 369’ புதுப்பொலிவோடு 2025 ஏப்ரலில் தெலுங்குத் திரையரங்குகளுக்கு மறுபடி வந்தது. தமிழ் ‘அபூர்வ சக்தி 369’-க்கு அந்தப் பேறு வாய்க்கவில்லை. டப்பிங் படம்தானே என்று அதன் நோட்டீஸையும் பாட்டுப் புத்தகத்தையும் யாரும் எடுத்துவைப்பதில்லை. அந்தத் தமிழ் வசனம் பேசிய குரல்கள் யாருடையவை என்று தேடினால் பதில் கிடைப்பது கடினம். உங்கள் வீட்டுப் பரணில், பழைய டிரங்குப் பெட்டியில், அப்பா சேர்த்துவைத்த ஒலிநாடாக்களுக்கு நடுவில் அந்தப் படத்தின் சுவடு ஏதாவது இருக்கலாம். எடைக்குப் போட்டுவிடாதீர்கள். படம் பிடித்து, எந்த ஊரில் எந்தத் தியேட்டரில் பார்த்தீர்கள் என்று இரண்டு வரி எழுதி, ஆசிரியர் முகவரிக்கு அனுப்புங்கள்.

(தொடரும்)